எண்ணிட்ட வாழ்த்தும் எண்ணி இட்ட வாழ்த்தும்

போடிநாயக்கனூரிலிருந்து மூணாறு செல்லும் தேசிய நெடுஞ்சாலை, முந்தலைத் தாண்டியதும் மலையேறத் தொடங்குகிறது. 17 கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்தால் போடிமெட்டு. தேனி மாவட்டம் அங்கே முடிய, கேரளத்தின் இடுக்கி மாவட்டம் தொடங்குகிறது. விடியற்காலையில் ஏலத்தோட்டத் தொழிலாளர்களை ஏற்றிக்கொண்டு ஜீப்புகள் மேலே செல்கின்றன; மாலையில் அவையே கீழே இறங்குகின்றன. மலைக்கு இப்பக்கம் பொங்கல், அப்பக்கம் ஓணம். சித்திரை பிறக்கும்போது புத்தாண்டும் விஷுவும் அடுத்தடுத்தோ ஒரே நாளிலோ வந்துசேரும். இரு மொழியினரும் ஒருவரையொருவர் ஆண்டில் பலமுறை வாழ்த்திக்கொள்ளும் இடம் இது.

ஆயினும், பண்டிகை நாளில் கைப்பேசியைத் திறந்து பாருங்கள். பொங்கும் பானை, இரு கரும்பு, உதிக்கும் கதிரவன் கொண்ட ஒரே படத்தை நான்கு பேர் அனுப்பியிருப்பார்கள். அவற்றுள் ஒன்று, வெளியூரில் வேலை பார்க்கும் மகன் தாய்க்கு அனுப்பியதாகவும் இருக்கலாம். மற்ற மூன்றோடு அதுவும் விரலால் தள்ளப்பட்டுவிடும். அன்பு இல்லாமல் போகவில்லை. அது வந்து சேரவில்லை என்பதே குறை.

தந்தியில் வந்த எண்

ஆயத்த வாழ்த்து இக்காலத்தின் கண்டுபிடிப்பு அன்று. இந்தியத் தந்தித் துறையில் வாழ்த்துத் தந்தி என்றொரு வசதி இருந்தது. தீபாவளி, திருமணம், தேர்வு வெற்றி என ஒவ்வொன்றுக்கும் உரிய வாழ்த்துத் தொடர்கள் எண்ணிட்டுப் பட்டியலாக வைக்கப்பட்டிருந்தன. அனுப்புபவர் எண்ணைக் குறித்தால் போதும்; கம்பியில் எண் செல்லும்; மறுமுனையில் அதற்குரிய தொடர் முழுமையாக வழங்கப்படும். 2013 ஜூலையில் தந்திச் சேவையே நிறைவு பெற்றது.

எண்ணாக வந்த அந்த வாழ்த்தைப் பல குடும்பங்கள் திருமண ஆல்பத்துடன் பாதுகாத்தன. ஒருவர் தந்தி அலுவலகம் வரை நடந்து, காத்திருந்து, கட்டணம் செலுத்தியதை அந்தத் தாள் உணர்த்தியது. சொல் பொதுவானதாக இருந்தாலும் முயற்சி தனிப்பட்டதாக இருந்தது. இன்று முயற்சி ஒரு விரல் தொடுதலாகச் சுருங்கிவிட்டது. ஆகவே, முன்பு முயற்சி சுமந்த பொறுப்பை இப்போது சொல்லே சுமக்க வேண்டியிருக்கிறது.

வாழ்த்துக்கென்றே ஓர் இலக்கணம்

இதற்கான கருவிகள் தமிழில் ஏராளம். வாழ்க, வளர்க, பெருகுக என முடியும் வினைகளை இலக்கணம் வியங்கோள் வினைமுற்று என்கிறது. வாழ்த்தல், வைதல், வேண்டல், விதித்தல் ஆகிய பொருள்களில் அது வரும். ‘பொங்கல் வாழ்த்துகள்’ என்பது பெயர்ச்சொல் மட்டுமே. வாழ்த்து என்ற பண்டத்தை நீட்டுவதோடு அது நின்றுவிடுகிறது. ‘உங்கள் வீட்டில் பால் பொங்கி வழிக’ என்பதில் ஒரு வினை நிகழ்கிறது. கேட்பவர் கண்முன் அடுப்பும் பானையும் தோன்றுகின்றன.

தொல்காப்பியம் வாழ்த்தின் வகைகளையும் பிரித்துக் காட்டுகிறது. நீ வழிபடும் தெய்வம் உன்னைக் காக்க, உன் வழிமுறை சிறந்து பொலிக என்பது புறநிலை வாழ்த்து. வாழ்த்துபவர் தம் தெய்வத்தை முன்னிறுத்தாமல், பெறுபவர் வழிபடும் தெய்வத்தைச் சொல்வது கருதத்தக்கது. வேம்பைப் போல முதலில் கசந்து பின்னர் நன்மை தரும் அறிவுரை வாயுறை வாழ்த்து. இனிப்பது மட்டுமே வாழ்த்து என முன்னோர் எண்ணவில்லை. கடன் வாங்கித் தொழில் தொடங்கும் தம்பியிடம், “முதல் வருமானத்தில் தவணையை எடுத்துவைத்துவிட்டு மிச்சத்தைச் செலவு செய், நீ நன்றாக வருவாய்” என்று அண்ணன் சொல்வதும் வாழ்த்தே.

களத்துமேடும் மொய்ப்பணமும்

ஏட்டறிவு இல்லாதவர்களும் வாழ்த்தை அன்றாடச் செயலுக்குள் பொதித்து வைத்தனர். நெல் அளப்பவர் முதல் மரக்காலை ‘ஒன்று’ என்று எண்ணுவதில்லை. ‘லாபம்’ என்று சொல்லி, பிறகு இரண்டு, மூன்று என்று தொடர்வார். விடைபெறுபவர் ‘போகிறேன்’ என்னாமல் ‘போய் வருகிறேன்’ என்பார். மொய் எழுதும்போது நூறு நூற்றொன்றாகிறது. முடிந்துவிட்ட தொகையாக இல்லாமல் மேலும் வளரும் தொகையாக அது இருக்கட்டும் என்பதே அந்த ஒற்றை ரூபாயின் பொருள். மலைக்கு அப்பால், விஷு நாளில் வீட்டுப் பெரியவர்கள் இளையோர் கையில் நாணயம் வைக்கும் ‘கைநீட்டம்’ வழக்கத்திலும் தொகையைவிட வாழ்த்தே பெரிது.

‘ஆல்போல் தழைத்து, அருகுபோல் வேரூன்றி’ என்ற மணமக்கள் வாழ்த்தும் இவ்வாறு பிறந்ததே. அதைச் சொன்னவர்கள் ஆலின் நிழலில் அமர்ந்தவர்கள். வரப்பில் அருகம்புல்லைப் பிடுங்கிப் பார்த்து அதன் வேரின் பிடியை அறிந்தவர்கள். வாழ்த்தின் உயிர், அது கண்ணறிந்த பொருளிலிருந்து வருவதில் இருக்கிறது.

எப்படி வாழ்த்துவது?

முதலாவது, பெறுபவரின் தொழிலிலிருந்து ஒரு சொல்லை எடுங்கள். ஏலக்காயின் விலையை அதன் பருமனும் பச்சை நிறமும் பெரிதும் முடிவு செய்கின்றன. போடியிலும் இடுக்கியின் புற்றடியிலும் நறுமணப் பொருள்கள் வாரியத்தின் மின்னணு ஏல மையங்கள் உள்ளன. ஒரு தோட்டக்காரருக்கு ‘வளமான புத்தாண்டு’ என்று எழுதுவதினும், “இந்தப் பருவம் காயில் பச்சை நிற்கட்டும், ஏலத்தில் விலையும் நிற்கட்டும்” என்று எழுதுங்கள். ஜீப் ஓட்டுநருக்கு, “பதினேழு வளைவிலும் பனி விலகி வழி தெரியட்டும்” என்றால் போதும்.

இரண்டாவது, இருவருக்கு மட்டுமே தெரிந்த ஒன்றைச் சேருங்கள். “போன பொங்கலுக்கு அத்தை வைத்த சர்க்கரைப் பொங்கல் இன்னும் நாவில் இருக்கிறது, இந்த ஆண்டும் அதே கைமணம் கிடைக்க வேண்டும்” என்ற வரியை வேறெவருக்கும் அனுப்ப முடியாது. வேறெவருக்கும் அனுப்ப முடியாமையே நல்ல வாழ்த்தின் அடையாளம்.

மூன்றாவது, பெறுபவரின் மொழியில் ஒரு சொல்லேனும் சொல்லுங்கள். பூப்பாறைக் கடைக்காரருக்கு ‘ஓணாசம்சகள்’ என்று சொல்லும் தமிழரும், போடிச் சந்தையில் ‘பொங்கலோ பொங்கல்’ என்று குரல் கொடுக்கும் மலையாளியும் ஒரு நொடியில் எல்லையைக் கடந்துவிடுகிறார்கள்.

நான்காவது, வீட்டு நிலையை அறிந்து வாழ்த்துங்கள். இறப்பு நிகழ்ந்த வீட்டில் ஓராண்டுக்குப் பண்டிகை கொண்டாடாத வழக்கம் நம்மிடையே உண்டு. பட்டியலிலுள்ள எல்லோருக்கும் ஒரே படத்தை அனுப்பும்போது, அந்த வீட்டுக்கும் பட்டாசும் மத்தாப்பும் போய்ச் சேர்கின்றன. அங்கே தேவைப்படுவது, “இந்த நாளில் உங்களை நினைத்துக்கொண்டோம்; வரும் வாரம் வந்து பார்க்கிறோம்” என்ற வரி. சொன்னபடி போய்ப் பார்ப்பதும் அந்த வாழ்த்தின் பகுதியே.

பணத்தோடு ஒரு வரி

பணவிடைப் படிவத்தின் அடித்துண்டில் செய்தி எழுதச் சிறிது இடம் இருந்ததை மூத்த வாடிக்கையாளர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அஞ்சல்காரர் பணத்தை எண்ணிக் கொடுத்துவிட்டு அதையும் படித்துக் காட்டுவார். பணம் செலவாகிவிடும், துண்டு பெட்டிக்குள் இருக்கும். இன்று யுபிஐ வழியே பணம் அனுப்பும்போதும் குறிப்பு எழுத ஒரு சிறு கட்டம் இருக்கிறது. பெரும்பாலோர் அதை வெறுமையாக விடுகிறோம். “அம்மாவுக்குக் கண்டாங்கிச் சேலை” என்றோ, “தங்கையின் முதல் கல்லூரி ஆண்டு சிறக்க” என்றோ அதில் எழுதலாம். கட்டணம் ஏதுமில்லை.

ஓர் எச்சரிக்கையும் இங்கே பொருந்தும். வாழ்த்து, திருமண அழைப்பு என்ற பெயரில் இணைப்புகளையும் செயலிக் கோப்புகளையும் அனுப்பி, கைப்பேசிக்குள் நுழைந்து பணம் திருடும் மோசடி நடக்கிறது. தெரிந்தவர் எண்ணிலிருந்து வந்தாலும், வாழ்த்தைப் பார்க்க எந்தச் செயலியையும் நிறுவாதீர்கள். ஐயமிருந்தால் அவரையே அழைத்துக் கேளுங்கள். பணம் பறிபோனால் தாமதமின்றி 1930 என்ற எண்ணை அழைத்து, உங்கள் வங்கிக்கும் தெரிவியுங்கள்.

அடுத்த பண்டிகைக்கு நூறு பேருக்கு ஒரே படத்தை அனுப்புவதற்கு முன், ஐந்து பேரைத் தேர்ந்தெடுங்கள். ஒவ்வொருவருக்கும் ஒரு வரி, அவர் பெயரோடும் அவர் அறிந்த ஒரு பொருளோடும் எழுதுங்கள். அந்த ஐந்து வரிகளுக்கு மறுமொழி வரும்போது, வாழ்த்து போய்ச் சேர்ந்தது என்பதை நீங்களே அறிவீர்கள்.