சூரியன் போகும் வழியில் ஒரு காளை

மே மாதம் பிறந்ததும் நாளிதழ்களில் தவறாமல் வரும் செய்தி, ‘அக்னி நட்சத்திரம் தொடங்கியது’. மே 4 வாக்கில் ஆரம்பித்து 28 வாக்கில் முடியும் இந்தக் கத்திரி நாள்களில், பஞ்சாங்கக் கணக்குப்படி சூரியன் பரணியின் பிற்பகுதியில் புறப்பட்டு, கார்த்திகையைக் கடந்து, ரோகிணியின் முதல் பாதம் வரை போகிறது. கார்த்திகைக்கு அதிதேவதை அக்னி. ஆகவே வெயில் கொளுத்துகிறது என்பது சாஸ்திரம். கார்த்திகை விண்மீன்களோ சுமார் 440 ஒளியாண்டு தொலைவில் இருக்கின்றன. அங்கிருந்து நம்மூர் மொட்டைமாடிக்குச் சூடு வந்து சேர வழியில்லை. தென்மேற்குப் பருவமழைக்கு முன் காய்ந்து கிடக்கும் நிலமும் உச்சிக்கு அருகில் நிற்கும் சூரியனும் போதும், நம்மை வறுத்தெடுக்க. சென்னையில் 45 டிகிரி வெப்பம் பதிவான 2003 மே 31, கத்திரி விடைபெற்ற பிறகு வந்த நாள்.

வெயிலுக்குச் சொன்ன காரணம்தான் பிசகே தவிர, வானத்தைப் பற்றிப் பஞ்சாங்கம் சொல்வது சரி. மே 20, 21 தேதிகளில் சூரியன் உண்மையாகவே கார்த்திகைக் கூட்டத்துக்குச் சற்றுத் தெற்கே, அதன் திசையில் நிற்கிறது. சூரிய வெளிச்சத்தில் நமக்கு அது தெரிவதில்லை, அவ்வளவே. வைகாசியை ரிஷப மாதம் என்கிறோம். அந்த மாதத்தில்தான் ரிஷபத்தைப் பார்க்க முடியாது. பார்க்க வேண்டுமானால் சூரியன் எதிர்ப்புறம் விருச்சிகத்துக்குப் போகும்வரை, அதாவது கார்த்திகை மாதம்வரை காத்திருக்க வேண்டும். திருக்கார்த்திகை அன்று மாலை கிழக்கே முழுநிலா எழும்போது அதன் அருகில் மங்கலாகத் தெரியும் சிறு கொத்துதான் அந்தக் கார்த்திகை.

ரிஷபத்தில் மூன்று அடையாளங்கள் போதும். முதலாவது இந்தக் கொத்து. சங்கப் புலவர்களின் அறுமீன். சரவணப் பொய்கையில் முருகனுக்குப் பாலூட்டிய ஆறு பெண்கள். கிரேக்கர்கள் இதே கொத்தை ஏழு சகோதரிகள் என்றார்கள். வெறுங்கண்ணுக்கு ஆறுதான் சுலபமாகத் தெரியும். 1610இல் கலிலியோ தன் தொலைநோக்கியில் பார்த்து 36 விண்மீன்களை வரைந்தார். உண்மையில் ஆயிரத்துக்கும் மேல் இருக்கின்றன. அவற்றுக்கு வயது பத்துப் பன்னிரண்டு கோடி ஆண்டுகள். பூமியில் டைனோசர்கள் நடமாடிய காலத்தில் பற்றிய விளக்குகள் இவை.

இரண்டாவது, காளையின் முகமாகத் தெரியும் ‘வி’ வடிவக் கூட்டம். கிரேக்கர்கள் இதற்கு வைத்த பெயர் ஹயாடிஸ். நம்மவர்கள் இதில் வண்டியைக் கண்டார்கள்; சங்க இலக்கியத்தில் இது சகடம். நிலா சகடத்தைச் சேரும் நாள் மணவினைக்கு ஏற்றது என்று அகநானூறு சொல்கிறது, கோவலன் கண்ணகி திருமணமும் அப்படிப்பட்ட நாளில்தான் நடக்கிறது. மூன்றாவது, அந்த முகத்தில் சிவந்த கண்ணாக எரியும் ரோகிணி. ஆனால் ரோகிணி இந்தக் கூட்டத்தைச் சேர்ந்தவள் இல்லை. கூட்டம் இருப்பது 150 ஒளியாண்டுக்கு அப்பால். ரோகிணி 65 ஒளியாண்டிலேயே, நமக்கும் அவர்களுக்கும் இடையில் நிற்கிறாள். ஒரே திசையில் இருப்பதால் ஒரே குடும்பம் போலத் தோற்றம். சூரியனைப்போல 40 மடங்குக்கு மேல் விட்டம் கொண்ட, முதுமையில் ஊதிப்போன செம்பெருமீன் அவள்.

கார்த்திகை சூரியப் பாதைக்கு வடக்கே நான்கு டிகிரி, ரோகிணி தெற்கே ஐந்தரை டிகிரி. இரண்டுக்கும் நடுவேதான் சூரியனும் சந்திரனும் கோள்களும் போய்வருகின்றன. ராசி மண்டலத்தில் எல்லா ராசிகளுக்கும் இந்தப் பாதை உண்டு என்றாலும், இவ்வளவு பளிச்சென்ற அடையாளங்கள் இருபுறமும் காவல் நிற்கும் இடம் வேறு இல்லை என்பேன். கதைகளும் இங்கேதான் அதிகம் முளைத்தன, கண்டுபிடிப்புகளும் இங்கேதான் அதிகம் நிகழ்ந்தன.

சந்திரனை எடுத்துக்கொள்ளுங்கள். தட்சனின் இருபத்தேழு பெண்களை மணந்தவன், ரோகிணியிடமே மயங்கிக் கிடந்தான், மாமனார் சாபமிட்டார், தேய்ந்து வளர்கிறான். ஜோதிடமும் சந்திரனுக்கு உச்ச வீடு ரிஷபம் என்றே சொல்கிறது. நிலாவின் பாதை சூரியப் பாதையிலிருந்து இருபுறமும் ஐந்து டிகிரிக்குச் சற்று அதிகமாக விலகும். அந்த விலகல் 18.6 ஆண்டுக்கு ஒரு சுற்றாக மாறிக்கொண்டே வரும். ஆகவே சில ஆண்டுகள் நிலா மாதந்தோறும் ரோகிணிமேலேயே ஏறிப் போகும், பல ஆண்டுகள் தள்ளியே போகும். 2015 முதல் 2018 வரை ஏறிப் போனது. அடுத்த முறை 2033இல் தொடங்கும். நிலா இப்படி மறைக்கக்கூடிய முதல்தரப் பிரகாச விண்மீன்கள் வானத்திலேயே நான்குதான்: ரோகிணி, மகம், சித்திரை, கேட்டை. காதல் கதை கட்டியவர்கள் இதையெல்லாம் கணக்குப் போட்டுத்தான் கட்டினார்களா என்று சொல்ல முடியாது. ஆனால் நிலாவை இரவிரவாகக் கவனித்தவர்கள் என்பதில் சந்தேகமில்லை.

கி.பி. 509இல் ஏதென்ஸில் சந்திரன் ரோகிணியை மறைத்ததாக ஒரு பழங்குறிப்பு இருந்தது. வால்மீனால் பெயர்பெற்ற எட்மண்ட் ஹாலி அதை எடுத்துக் கணக்குப் போட்டுப் பார்த்தார். ரோகிணி இன்றைக்கு இருக்கும் இடத்திலேயே அன்றும் இருந்திருந்தால் அந்த மறைப்புக்குக் கணக்கு இடிக்கிறது. கிரேக்கர் விட்டுச்சென்ற பழைய அளவுகளுடன் ஒப்பிட்டபோது சிரியஸும் சுவாதியும் அப்படியே நகர்ந்திருந்தன. விண்மீன்கள் வானத்தில் ஆணியடித்து நிறுத்தப்பட்டவை என்ற இரண்டாயிரம் ஆண்டு நம்பிக்கை 1718இல் இப்படித்தான் உடைந்தது.

சூரியன் இந்த வழியாகப் போனதால் கிடைத்த பலன் அதைவிடப் பெரிது. சூரியனின் ஈர்ப்பு, அதன் விளிம்பை உரசிவரும் விண்மீன் ஒளியை 1.75 விகலை வளைக்கும் என்றார் ஐன்ஸ்டைன். ஒரு டிகிரியில் 3600இல் ஒரு பங்குதான் ஒரு விகலை. நியூட்டனின் கணக்கில் வளைவு ஐன்ஸ்டைன் சொன்னதில் பாதி. சோதிக்க வேண்டுமானால் சூரியனை ஒட்டி விண்மீன்கள் தெரிய வேண்டும். அதற்கு முழுக் கிரகணம் வேண்டும். அதுவும் சூரியன் பின்னணியில் பிரகாசமான விண்மீன்கள் குவிந்த இடமாக இருக்க வேண்டும். 1919 மே 29 கிரகணத்தின்போது சூரியன் காளையின் முகத்தில், ஹயாடிஸ் கூட்டத்தில் இருக்கும் என்பதை இங்கிலாந்தின் ஃபிராங்க் டைசன் 1917லேயே கவனித்துவிட்டார். நம்மூரில் கத்திரி முடிந்த கையோடு வந்த கிரகணம். பிரேசிலின் சோப்ராலுக்கு ஒரு குழு, ஆப்பிரிக்கக் கரைக்கு அப்பாலுள்ள பிரின்சிபே தீவுக்கு ஆர்தர் எடிங்டன். பிரின்சிபேயில் மேகம் மறைத்து, சில புகைப்படத் தகடுகளில் மட்டும் விண்மீன்கள் விழுந்தன. சோப்ரால் குழு ஜூலைவரை பிரேசிலில் தங்கி, சூரியன் நகர்ந்தபின் அதே விண்மீன்களை விடியலுக்கு முன் மறுபடி படமெடுத்து, இரண்டையும் ஒப்பிட்டது. நவம்பர் 6 அன்று லண்டனில் முடிவு அறிவிக்கப்பட்டது. அளவுகள் ஐன்ஸ்டைன் பக்கம் இருந்தன. கிரகணம் வேறொரு மாதத்தில், விண்மீன் அரிதான ஒரு மூலையில் நேர்ந்திருந்தால் இன்னும் சில ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்திருக்கும்.

அதே எடிங்டன் காளையின் இன்னொரு இரகசியத்தில் சறுக்கினார். சென்னை மாநிலக் கல்லூரியில் படித்து, 1930இல் கப்பலேறி இங்கிலாந்து போன சுப்பிரமணியன் சந்திரசேகர், எரிந்து முடிந்து சுருங்கிய வெண்குறுமீன்களின் நிறைக்கு ஓர் எல்லை உண்டு என்று கணக்கிட்டார். அந்த எல்லை சூரியனைப்போல ஏறத்தாழ 1.4 மடங்கு. அதைத் தாண்டினால் விண்மீனின் உட்கரு தன் எடையைத் தானே தாங்காமல் நொறுங்கும். 1935இல் ராயல் வானியல் கழகக் கூட்டத்தில் எடிங்டன் அதை எல்லோர் முன்னிலையிலும் எள்ளி நிராகரித்தார். அப்படி நொறுங்கிய உட்கரு ஒன்று, காளையின் தெற்குக் கொம்பு நுனிக்கு அருகே சுழன்றுகொண்டே இருந்தது. யாருக்கும் தெரியவில்லை.

அந்த உட்கருவின் கதை 1054 ஜூலையில் தொடங்குகிறது. இங்கே சோழர்கள் ஆண்ட காலம். சீனாவின் சோங் அரசவை வானியலர்கள் அந்தக் கொம்பின் அருகே ஒரு ‘விருந்தாளி விண்மீன்’ வந்ததாகக் குறித்தார்கள். 23 நாள் பகலிலேயே தெரிந்தது. இரவில் ஏறக்குறைய இரண்டு ஆண்டு தெரிந்து, பிறகு மறைந்தது. 6,500 ஒளியாண்டு தொலைவில் வெடித்த விண்மீன் அது. அதன் சிதறலை 1731இல் ஜான் பெவிஸ் கண்டார். 1758இல் வால்மீன் தேடிய ஷார்ல் மெசியே ஏமாந்துபோய், வால்மீன் என்று மயங்கக்கூடிய பொருள்களின் பட்டியலில் முதலாவதாக இதைச் சேர்த்தார். பின்னாளில் ராஸ் பிரபு வரைந்த படத்தால் அதற்கு நண்டு நெபுலா என்று பெயர் வந்தது. காளைக்குள் நண்டு!

நண்டும் சூரிய சந்திரர் வழியிலேயே இருக்கிறது. ஜூன் மத்தியில் சூரியன் அதன் அருகே போகும்போது, நண்டிலிருந்து வரும் ரேடியோ அலைகள் சூரியனின் ஒளிவட்டத்தில் புகுந்து சிதறுகின்றன. 1950களில் கேம்பிரிட்ஜிலும் சோவியத் நாட்டிலும் இதைக் கவனித்து, அந்த ஒளிவட்டம் கண்ணுக்குத் தெரிவதைவிட வெகுதூரம் பரந்திருப்பதை அறிந்தார்கள். 1964 ஜூலை 7 அன்று நிலா நண்டின் குறுக்கே போனது. அமெரிக்கக் கடற்படை ஆய்வகத்தின் ஹெர்பர்ட் ஃப்ரீட்மன் குழு அந்தச் சில நிமிடங்களுக்காகவே ஒரு ராக்கெட்டை ஏவியது. நண்டிலிருந்து வரும் எக்ஸ் கதிர்கள், நொறுங்கிய உட்கருவான ஒரு சிறு நியூட்ரான் விண்மீனிலிருந்து வந்தால், நிலாவின் விளிம்பு அதைத் தொட்டதும் சட்டென்று அறுபடும். அறுபடவில்லை; மெல்ல மெல்லக் குறைந்தன. ஆகவே கதிர்கள் வருவது ஓர் ஒளியாண்டு அகலமுள்ள மேகத்திலிருந்து என்று முடிவாயிற்று. முடிவு சரியே. ஆனால் நான்கு ஆண்டு கழித்து, 1968இல், அந்த மேகத்துக்கு ஆற்றல் ஊட்டும் நியூட்ரான் விண்மீனும் உள்ளேயே அகப்பட்டது. நொடிக்கு முப்பது முறை சுழலும் பல்சர் அது. சந்திரசேகருக்கு நோபல் பரிசு 1983இல் வந்தது.

நிலாவின் விளிம்பையே அளவுகோலாக்கும் இந்த உத்திக்காக நம்மிடமும் ஒரு கருவி எழுந்தது. கோவிந்த் ஸ்வரூப் தலைமையில் உதகைக்கு அருகே 530 மீட்டர் நீளத்துக்கு அமைத்த ரேடியோ தொலைநோக்கி 1970இல் செயல்பாட்டுக்கு வந்தது. அந்த இடத்தின் அட்சரேகைக்குச் சமமாக, 11 டிகிரி சரிந்த மலைச்சரிவாகப் பார்த்துத் தேர்ந்தெடுத்தார்கள். அதனால் கருவியின் நீண்ட அச்சு பூமியின் அச்சுக்கு இணையாக அமைந்து, ஒரே திருப்பலில் வானப் பொருளைப் பல மணிநேரம் தொடர முடிகிறது.

கோள்களும் இந்த வழியில் அகப்பட்டிருக்கின்றன. 1801 ஜனவரி 1 இரவு, பலெர்மோவில் விண்மீன் அட்டவணை தயாரித்துக்கொண்டிருந்த ஜியுசெப்பே பியாட்ஸி, ரிஷபத்தில் ஒரு புள்ளி மறுநாள் இடம்மாறியிருப்பதைக் கண்டார், அதுதான் சீரஸ் என்ற குறுங்கோள். யுரேனஸ் கதை இன்னும் சுவையானது. 1690இல் ஜான் ஃபிளாம்ஸ்டீட் அதைப் பார்த்து, விண்மீன் என்று நினைத்து, காளையின் 34ஆம் விண்மீன் என்று எண்ணும் கொடுத்துவிட்டார். தொண்ணூறு ஆண்டு கழித்து, 1781இல், வில்லியம் ஹெர்ஷல் காளையின் கொம்பு நுனிக்கு அருகே அதையே கண்டு, முதலில் வால்மீன் என்றார்.

யுரேனஸ் சூரியனை ஒருமுறை சுற்ற 84 ஆண்டு. 1690இலிருந்து நான்கு சுற்று கூட்டினால் 2026. ஃபிளாம்ஸ்டீட் எண் கொடுத்த இடத்துக்கு, கார்த்திகைக்குத் தெற்கே, யுரேனஸ் இப்போதுதான் திரும்பி வந்திருக்கிறது. இருட்டான ஊராக இருந்து, ஒரு நல்ல பைனாகுலரும் விண்மீன் வரைபடமும் கையில் இருந்தால் கண்டுபிடித்துவிடலாம்.