பிச்சாவரம் அலையாத்திக் காடும் கரையோர விளைநிலங்களும்

சிதம்பரம் பட்டணத்துக்குக் கிழக்கே சுமார் 15 கிலோமீட்டர் தூரத்தில், வடக்கே வெள்ளாற்று முகத்துவாரத்துக்கும் தெற்கே கொள்ளிட முகத்துவாரத்துக்கும் இடையே, உப்பங்கழிகளும் சிறு திட்டுகளுமாக அமைந்திருப்பது பிச்சாவரம் காடாகும். அதன் பரப்பு ஏறத்தாழ 1,100 ஹெக்டேர். அதிலுள்ள திட்டுகள் 50க்கு மேற்பட்டவை. 2022ஆம் வருஷத்தில் இது ராம்சார் உடன்படிக்கையின்கீழ், உலகின் முக்கியமான ஈரநிலங்களுள் ஒன்றாகச் சேர்க்கப்பட்டது. படகேறிச் சென்று இதைப் பார்த்து மகிழ்வோர் அநேகர். ஆனால் கிள்ளை, பரங்கிப்பேட்டை முதலிய ஊர்களைச் சுற்றி நிலம் வைத்திருப்போருக்கு இக்காடு வெறும் காட்சிப் பொருளன்று. வயலுக்கு வரப்பு எப்படியோ, கரையோரக் கடைமடை நிலங்களுக்கு இக்காடு அப்படியே. அவ்வரப்பு ஒரு காலத்தில் எவ்விதம் கெட்டது, எவ்விதம் திரும்பச் சீர்செய்யப்பட்டது, இனிக் கெடாதிருக்க நிலமுடையோரும் கிராம உத்தியோகஸ்தர்களும் செய்யத்தக்கது யாது என்பன இங்கே விளக்கப்படுகின்றன.

மரங்களின் தன்மை

இக்காட்டில் மிகுதியாக உள்ளது வெண்கண்டல் எனப்படும் அலையாத்தி மரமாகும். இதன் வேர்கள் சேற்றுக்கு மேலே முளைக்குச்சிகளைப் போல நிமிர்ந்து நின்று காற்றை வாங்குகின்றன. வேர் வழியே உள்ளே புகும் உப்பை இலைகள் வெளியே கக்கிவிடுகின்றன. வெயில் நேரத்தில் இலைமேல் உப்புத் துகள் படிந்திருப்பதைக் காணலாம். கழியோரங்களில் நிற்கும் சுரபுன்னை, பந்தற்கால்கள் போன்ற வேர்களை நாற்புறமும் ஊன்றி நிற்கிறது. அதன் விதை மரத்திலிருக்கும்போதே முளைத்து, நீண்ட காய்போலத் தொங்கிப் பின்பு சேற்றில் விழுந்து ஊன்றுகிறது. மேட்டுப் பாங்கான இடங்களில் தில்லை மரம் உண்டு. இதன் பால் கண்ணில் பட்டால் பெருந்தீங்கு செய்யும். தில்லை என்று சிதம்பரத்துக்கு வழங்கும் பழம்பெயர் இம்மரத்தால் வந்ததே.

இம்மரங்கள் உப்பைத் தாங்குவன என்பது உண்மை. ஆயினும் உப்பை மட்டும் உண்டு வாழ்வன அல்ல. கடல்நீரும் ஆற்றுநீரும் மாறி மாறி வந்துபோகும் இடமே இவற்றுக்கு ஏற்றது. நீர் வருவதைப் போலவே நீர் வடிவதும் அவசியம். இதை மனத்தில் இருத்திக்கொண்டால் பின்வருவன எளிதில் விளங்கும்.

காட்டில் வாழும் ஜீவராசிகள்

வெள்ளை இறால், வரி இறால் முதலியவை கடலில் முட்டையிடுகின்றன. குஞ்சுகள் உப்பங்கழிக்குள் வந்து, வேர்களுக்கிடையே ஒளிந்து வளர்ந்து, பருவம் வந்ததும் கடலுக்குத் திரும்புகின்றன. உதிர்ந்த இலைகள் மக்கி அவற்றுக்கு உணவாகின்றன. நாற்றங்காலின்றி நடவு இல்லை என்பதுபோல, இக்காடின்றிக் கரையோர மீன்பிடிப்பும் செழிப்பதற்கில்லை. இங்குள்ள இருளர் குடியினர், ஓலைப் பறியைப் பல்லால் கடித்துக்கொண்டு, கழியில் தவழ்ந்து கையாலேயே இறால் பிடித்துப் பிழைத்து வருகின்றனர்.

நீர்நாய், நரி முதலிய பிராணிகளும் இங்கே உண்டு. நூற்றுக்கு மேற்பட்ட பறவை இனங்கள் இக்காட்டில் காணப்பட்டிருக்கின்றன. மழைக்காலம் தொடங்கி வட தேசங்களிலிருந்து உள்ளான் முதலியவை வலசை வந்து தங்குகின்றன. கொக்குகளும் மடையான்களும் இரவில் காட்டில் அடைந்து, பகலில் வயல்களில் இறங்கிப் பூச்சிகளையும் வயல் நண்டுகளையும் பொறுக்கித் தின்கின்றன. நரியும் ஆந்தையும் எலியைக் குறைக்கின்றன. வரப்பில் வளை தோண்டும் நண்டும் எலியும் செய்யும் நஷ்டத்தை அறிந்த குடியானவர்கள், இப்பிராணிகள் கூலியின்றிச் செய்யும் உதவியையும் கணக்கில் சேர்த்தல் நியாயம். இவற்றை வேட்டையாடுவது 1972ஆம் வருஷத்து வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றமுமாகும்.

காடு கெட்ட விதம்

சுமார் 1970 வரையில் இக்காடு கூப்பு முறையில் வெட்டப்பட்டு வந்தது. அதாவது, காட்டைப் பல பகுதிகளாகப் பிரித்து, ஒவ்வொரு பகுதியையும் 20 அல்லது 30 வருஷங்களுக்கு ஒருமுறை அடியோடு வெட்டிவிட்டு, அது தானே வளர்ந்துகொள்ளும் என்று விட்டுவிடுதல். சவுக்குத் தோப்பை வெட்டினால் மறுபடியும் கன்று வைத்துத் தோப்பாக்கிக்கொள்ளலாம், நிலத்துக்குக் கெடுதியில்லை. அலையாத்திக் காட்டிலோ நிலமே கெட்டுப்போயிற்று.

காரணம் யாதெனில், நிழல் போனதும் வெயில் நேரே சேற்றின்மேல் விழுந்தது. சேற்றிலிருந்த ஈரம் உலர, மண் சுருங்கித் தாழ்ந்து, தொட்டி போன்ற பள்ளமாயிற்று. கடல் ஏற்றத்தின்போது அப்பள்ளத்தில் புகுந்த உப்புநீர், வற்றத்தின்போது வடிய வழியின்றித் தேங்கியது. தேங்கிய நீர் ஆவியாகிப் போக, உப்பு மட்டும் தங்கியது. இவ்விதம் வருஷந்தோறும் சேர்ந்த உப்பு, கடல்நீரின் உப்பைவிட மிகுந்துபோகவே, விழுந்த விதைகளும் முளைத்த கன்றுகளும் கருகின. எஞ்சியது உமரிச் செடி மட்டுமே. பல இடங்களில் அதுவும் இல்லை.

காடு அழிந்ததற்குச் சுற்றுக் கிராமத்தார் விறகு வெட்டுவதும் மாடு மேய்ப்பதுமே காரணம் என்று வெகு காலம் சொல்லப்பட்டு வந்தது. பிற்காலத்து ஆராய்ச்சி இதை மாற்றியது. மேய்ச்சலும் விறகு வெட்டும் கெடுதி செய்தவையே. ஆனால் மூலகாரணம், அடியோடு வெட்டியதும் அதன்பின் வடிகால் அற்றுப்போனதுமே என்று தெரிந்தது. நோய் இன்னதென்று சரியாகத் தெரிந்த பின்னரே மருந்தும் கிடைத்தது.

வாய்க்கால் வெட்டி மீட்ட முறை

களர் நிலத்தைத் திருத்தும் குடியானவர் முதலில் செய்வது யாது? வடிகால் வெட்டி, நல்ல நீரைப் பாய்ச்சி, உப்பைக் கரைத்து வெளியேற்றுவதன்றோ? அதே உபாயம்தான் இங்கும் கையாளப்பட்டது. 1990களில் சென்னை எம். எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தார், வனத்துறையாருடனும் கிராமத்தாருடனும் சேர்ந்து இவ்வேலையைத் தொடங்கினர். இயற்கையான கழியிலிருந்து ஒரு தாய் வாய்க்கால் வெட்டப்பட்டது. அதன் இருபுறமும் மீன் முள்ளைப்போலச் சாய்வாகக் கிளை வாய்க்கால்கள் இழுக்கப்பட்டன. வாய்க்கால்கள் மேலே அகலமாகவும் அடியில் குறுகலாகவும் இருந்தமையால் கரைகளின் சரிவில் கன்று நட இடம் கிடைத்தது. ஏற்றத்தில் நீர் உள்ளே வந்தது. வற்றத்தில் உப்பைக் கரைத்துக்கொண்டு வெளியே போயிற்று. மண்ணின் உப்புக் குறைந்தபின், சரிவுகளில் நட்ட அலையாத்திக் கன்றுகள் பிழைத்தன. வானிலிருந்து எடுத்த படங்களை ஒப்பிட்டதில், 1987க்கும் 2002க்கும் இடையே மரமடர்ந்த பரப்பு ஏறத்தாழ 90 சதவீதம் பெருகியிருந்தது கண்டறியப்பட்டது.

ஒன்று கவனிக்கத்தக்கது. இக்கரையில் கடலின் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் உள்ள வித்தியாசம் மிகச் சொற்பம். ஆகையால் நீர் வேகமாக ஓடுவதில்லை. வண்டல் எளிதில் படிகிறது. தூர் வாராத வாய்க்கால் சில வருஷங்களில் தூர்ந்து, பழைய பள்ளமும் பழைய உப்பும் திரும்பிவிடும். பாசன வாய்க்காலுக்குக் குடிமராமத்து எப்படியோ, காட்டு வாய்க்காலுக்கும் அப்படியே.

2004ஆம் வருஷத்துப் பேரலை

2004ஆம் வருஷம் டிசம்பர் மாதம் 26ஆம் தேதி ஆழிப்பேரலை கடலூர் ஜில்லாக் கரையைத் தாக்கியபோது, காட்டுக்கு முன்னே மணல்திட்டின்மேல் இருந்த குடியிருப்புகள் பாழாயின. அடர்ந்த காட்டுக்குப் பின்னே இருந்த கிராமங்கள் பெரும் சேதமின்றித் தப்பின. அவை கடலிலிருந்து தள்ளியும் மேடாகவும் இருந்ததும் இதற்குக் காரணம் என்று சில அறிஞர் எடுத்துக்காட்டியிருக்கின்றனர், அதுவும் ஏற்கத்தக்கதே. மரம் இருக்கிறதென்று தாழ்ந்த இடத்தில் வீடு கட்டுவது புத்தியாகாது. ஆயினும் மரமும் வேரும் அலையின் வேகத்தைக் குறைக்கும் என்பதில் ஐயமில்லை. புயற்காலங்களில் கடல் பொங்கி வயலில் புகாதபடி தடுப்பதிலும் இதே பயன் உண்டு. கடல்நீர் ஏறிய வயல் மறுபடி விளைச்சலுக்கு வர எவ்வளவு உழைப்பு வேண்டும் என்பதை 2004க்குப் பின் கரையோர மிராசுதார்கள் நேரே அறிந்தனர்.

வயலின் நீரே காட்டின் நீர்

கல்லணை, மேலணை, கீழணை, 1934இல் முடிந்த மேட்டூர் அணை ஆகியவற்றால் காவிரி நீர் பாசனத்துக்குத் திருப்பப்பட்டது. இது டெல்டாவுக்கு உயிர் தந்தது. ஆனால் முகத்துவாரத்துக்கு நல்ல நீர் வருவது பெரும்பாலும் வெள்ள காலத்தில் மட்டுமே என்றாயிற்று. மற்ற மாதங்களில் இக்காட்டுக்குக் கிட்டும் நல்ல நீர் பெரும்பாலும் வயல்களின் வடிநீரே. கான்சாகிப் வாய்க்கால் முதலியவை அதைக் கொண்டுபோய்ச் சேர்க்கின்றன. வடிகாலை அடைத்து ஆக்கிரமித்தால் மேலே வயல் முழுகும். கீழே காடு நல்ல நீரின்றி வாடும்.

வடிநீரோடு பூச்சி மருந்தும் போகிறது. பூச்சியும் இறாலும் நண்டும் கணுக்காலிகள் என்ற ஒரே பெரும் வர்க்கத்தைச் சேர்ந்தவை. ஆகவே, பூச்சியைக் கொல்லும் மருந்து இறால் குஞ்சையும் கொல்லும். வயலில் மருந்து தெளித்த உடனே மடையைத் திறந்துவிடுதல், அயலாரின் பிழைப்பில் விஷம் கலப்பதற்கு ஒப்பாகும்.

இறால் குளங்கள்

1990களில் கரையோர நிலங்கள் பல இறால் குளங்களாக மாற்றப்பட்டன. முதல் சில வருஷ லாபம் பெரிதாயிருந்தது. பின்னர் நோய் கண்டு குளங்கள் கைவிடப்பட்ட இடங்களில், உப்பூறிய நிலமும், உவர்த்துப்போன பக்கத்துக் கிணறுகளும் எஞ்சின. 1996ஆம் வருஷம் டிசம்பர் 11ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டு அளித்த தீர்ப்பில், விளைநிலங்களையும் அலையாத்திக் காடுகளையும் இறால் குளங்களாக மாற்றலாகாது என்று உத்தரவாயிற்று. 2005ஆம் வருஷத்தில் கரையோர நீர்வாழ் உயிரின வளர்ப்புக்கென்று தனி ஆணையமும் சட்டத்தால் ஏற்பட்டது. குத்தகைப் பணத்தைக் கண்டு நிலத்தைக் குளத்துக்கு விடுமுன், குத்தகை முடிந்தபின் அந்நிலம் எந்தப் பயிருக்கு உதவும் என்று யோசித்தல் வேண்டும்.

செய்யத்தக்கவை

1. மாடு, ஆடு, எருமைகளை இளங்கன்று நட்ட பகுதிகளில் விடலாகாது. மேய்ச்சல் நிலமில்லாத ஏழைகளுக்கு இது கஷ்டமே. ஆகையால் நிலமுடையோர் வரப்புகளில் அகத்தியும், நீர் தேங்கும் பள்ளங்களில் எருமைப்புல்லும் வளர்த்து, தழையையும் புல்லையும் அறுத்துக்கொள்ள அவர்களுக்கு இடந்தருதல் நலம்.

2. மருந்து தெளித்தபின் சில நாட்களுக்கு வடிமடையை அடைத்து வைக்க வேண்டும். கொக்குகள் மிகுதியாய் இறங்கும் வயலில், அவசியமின்றி மருந்து தெளிக்காதிருப்பது உத்தமம்.

3. உவர் ஏறிய கடைமடை வயல்களில் தக்கைப்பூண்டு விதைத்து மடக்கி உழுது, உப்பைத் தாங்கும் திருச்சி 1, திருச்சி 3, கோ 43 முதலிய நெல் ரகங்களைப் பயிரிடலாம்.

4. கிராம உத்தியோகஸ்தர்கள், வடிகால் புறம்போக்கை ஆக்கிரமிப்பின்றிக் காத்து, கோடையிலேயே தூர் வாரச் செய்தல் வேண்டும். காட்டையொட்டி அனுமதியின்றிக் குளம் வெட்டுதல், மரம் வெட்டுதல் முதலியவற்றை உடனுக்குடன் தாலூகாவுக்கும் வனத்துறைக்கும் தெரிவிப்பது அவர்கள் கடமை.

5. காட்டு வாய்க்கால்களைத் தூர் வாரும் வேலையில், கூலி வேலை கிராமத்தாருக்கும் இருளர் குடியினருக்கும் கிடைக்கும்படி ஊராட்சியார் வனத்துறையாருடன் பேசி ஏற்பாடு செய்தால், காட்டைக் காப்பதில் அவர்களுக்கும் பங்கு உண்டாகும்.

இக்காட்டை நாசமாக்கச் சில கூப்புகளே போதுமாயிருந்தன. மீட்கப் பல வருஷங்களும் பலருடைய உழைப்பும் வேண்டியிருந்தன. வடிகாலைத் திறந்து வைப்பதற்கு அத்தனை செலவில்லை. அதை ஒவ்வொரு கிராமத்தாரும் தத்தம் எல்லைக்குள் செய்துவந்தால், வயலும் காடும் ஒருங்கே நிலைபெறும்.