டயாப்லோ 2: பாயிண்டை எங்கே போடுவது?

2009 கோடை விடுமுறை. சேலத்தில் பெரியப்பா வீடு. எனக்கு 12 வயது. பெரியப்பா மகன், எங்கள் அண்ணன், இன்ஜினியரிங் இரண்டாம் ஆண்டு. ஹாலில் இருந்த கம்ப்யூட்டரில் அவர் ஒரு மாதமாக டயாப்லோ 2 ஆடிக் கொண்டிருந்தார். பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து வேடிக்கை பார்ப்பது என் வேலை.

ஒரு நாள் மாலை அண்ணன் கடைக்குப் போயிருந்தார். நான் மவுஸைப் பிடித்தேன். திரையின் கீழே ஒரு கூட்டல் குறி பளபளவென்று கூப்பிட்டுக் கொண்டிருந்தது. க்ளிக் செய்தேன். படம் படமாக ஸ்கில்கள் விரிந்தன. ஒவ்வொன்றாக அழுத்தினேன். 14 முறை அழுத்திய பிறகு கூட்டல் குறி மறைந்து விட்டது. சுத்தம் செய்து விட்டேன் என்று எனக்குப் பெருமை வேறு.

அந்த 14 பாயிண்டுகளும் அண்ணன் பைசா பைசாவாகச் சேர்த்து வைத்தவை. 30-வது லெவலில் 'ஃப்ரோசன் ஆர்ப்' என்ற ஸ்கில் திறக்கும். அதில் 15 பாயிண்ட் போட வேண்டும் என்பது அவர் கணக்கு. அப்போது அவர் இருந்தது 29-வது லெவல். நான் அவற்றை 'டெலிகைனசிஸ்', 'இன்ஃபெர்னோ' என்று கண்ட இடத்தில் இறைத்திருந்தேன். இந்த கேமில் அன்டூ கிடையாது. வெளியே வந்தாலே சேவ் ஆகி விடும். அண்ணன் திட்டவில்லை. இரண்டு நாள் பேசவில்லை, அவ்வளவு தான்.

இன்று நான் சாஃப்ட்வேர் இன்ஜினியர். புதிதாக கம்ப்யூட்டர் வாங்கிய நண்பர்கள் "என்ன கேம் போடலாம்?" என்று கேட்டால் இதைச் சொல்வேன். உடனே இந்த 14 பாயிண்ட் கதையையும் சொல்வேன். அவர்கள் செய்யும் தவறும் பெரும்பாலும் இதே தான். எதில் எவ்வளவு டேமேஜ், அது யாரிடம் பலிக்கும் என்று தெரியாமலே அழுத்தி விடுகிறார்கள்.

டயாப்லோ 2 வெளிவந்தது 2000 ஜூனில். 'லார்டு ஆஃப் டிஸ்ட்ரக்ஷன்' என்ற கூடுதல் பாகம் 2001-ல் வந்தது. முதல் பதிப்புக்கு 233 மெகாஹெர்ட்ஸ் பென்டியமும் 32 எம்பி ராமும் போதும். அதையே புதிய கிராஃபிக்ஸுடன் 2021-ல் 'டயாப்லோ 2: ரிசரக்டட்' என்று வெளியிட்டார்கள். இதற்குக் குறைந்தது 8 ஜிபி ராம் வேண்டும். ஹார்டு டிஸ்கில் 30 ஜிபி இடம் வேண்டும். விளையாடும்போது ஜி என்ற கீயை அழுத்தினால் திரை பழைய உருவத்துக்கு மாறும், மறுபடி அழுத்தினால் புதியது. இந்த வேடிக்கைக்காகவே ஒரு முறை பார்க்கலாம். ரத்தம் அதிகம். அமெரிக்காவில் 17 வயதுக்கு மேற்பட்டவர்களுக்கு என்று முத்திரை குத்திய கேம். எனக்கு அப்போது 12 வயது என்று மேலேயே ஒப்புக் கொண்டு விட்டேன். உங்கள் வீட்டில் அப்படி விடாதீர்கள்.

எத்தனை வகை அடி?

கேமில் ஆறு வகை டேமேஜ் உண்டு. பிசிக்கல், ஃபயர், கோல்ட், லைட்னிங், பாய்சன், மேஜிக். இங்கே கோல்ட் என்றால் தங்கம் அல்ல, குளிர். (தங்கமும் கேமில் உண்டு, அதனால் தான் சொல்கிறேன்.)

வாளின் வெட்டு, அம்பின் குத்து எல்லாம் பிசிக்கல். நெருப்பு நேரடியானது, சொன்ன அளவு அடிக்கும். குளிர் அடிப்பதோடு எதிரியை மெதுவாக நடக்க வைக்கும். விஷம் உடனே கொல்லாது, விநாடிக்கு விநாடி அரிக்கும். மின்னல் ஒரு சூதாட்டம். ஒரு தடவை 1 அடிக்கும், அடுத்த தடவை 40 அடிக்கும்.

இந்த வித்தியாசத்தைக் கையால் தொட்டுப் பார்க்க நல்ல வழி, துளை உள்ள ஆயுதத்தில் ரத்தினம் பதிப்பது. மாணிக்கம் நெருப்பு, நீலம் குளிர், புஷ்பராகம் மின்னல், மரகதம் விஷம். ஒவ்வொன்றிலும் ஐந்து தரம் உண்டு. மிக உயர்ந்த தரமான 'பெர்ஃபெக்ட்' கற்களை எடுத்துக் கொள்வோம். மாணிக்கம் 15 முதல் 20 வரை ஃபயர் டேமேஜ் சேர்க்கும். புஷ்பராகம் 1 முதல் 40 வரை. சராசரி போட்டால் மாணிக்கத்துக்கு 17.5, புஷ்பராகத்துக்கு 20.5. நீலம் 10 முதல் 14 தான், ஆனால் அடி வாங்கியவன் மூன்று விநாடி தள்ளாடுவான். மரகதம் 100. கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் அந்த 100 ஏழு விநாடிகளில் பரவி இறங்கும். விஷம் இறங்கி முடிவதற்குள் மறுபடி வெட்டினால் இரட்டிப்பாகாது. ஓடி ஓடி அடிப்பவருக்கு மரகதம் சரி. நின்று வெட்டுபவருக்கு மாணிக்கமோ புஷ்பராகமோ தான் என்பது என் கருத்து.

அதே கல்லைக் கேடயத்தில் பதித்தால் கதை தலைகீழ். மாணிக்கம் நெருப்பிலிருந்து காக்கும், நீலம் குளிரிலிருந்து. பெர்ஃபெக்ட் கல் என்றால் அந்த வகைக்கு 40 சதவீதம் ரெசிஸ்டன்ஸ், அதாவது தாங்கும் சக்தி. வைரம் நான்கு வகைக்கும் 19 சதவீதம் தரும். பதித்த கல்லைச் சேதமில்லாமல் திரும்ப எடுக்க முடியாது. ஆகவே கல்லைக் கையில் வைத்துக் கொண்டு முதலில் யோசியுங்கள்.

கற்களைத் தரம் உயர்த்த இரண்டாம் பகுதியில் 'ஹொராட்ரிக் க்யூப்' என்ற பெட்டி கிடைக்கும். ஒரே வகை, ஒரே தரக் கற்கள் மூன்றைப் போட்டால் அடுத்த தரம் ஒன்று வரும். கணக்குப் போட்டால் ஒரு பெர்ஃபெக்ட் கல்லுக்கு 81 உடைந்த கற்கள்! அவ்வளவு பொறுமை எனக்கு இல்லை. நல்ல தரக் கல் கிடைக்கும் வரை சும்மா இருப்பேன்.

வாளின் எண் யாருக்கு?

புதியவர்கள் அதிகம் ஏமாறுவது இங்கே தான். 'சார்சரஸ்' என்ற மந்திரக்காரியைத் தேர்ந்தெடுத்து விட்டு, அதிக டேமேஜ் போட்டிருக்கும் வாளாகத் தேடித் தேடிக் கொடுப்பார்கள். அவள் வீசும் நெருப்புப் பந்துக்கும் வாளில் எழுதியிருக்கும் எண்ணுக்கும் சம்பந்தமே இல்லை. மந்திரத்தின் பலம் ஸ்கில்லின் லெவலில் இருக்கிறது. கையில் இருப்பது உளுத்த குச்சியாக இருந்தாலும் 'ஃபயர் ஸ்கில்களுக்கு 3 கூடுதல்' என்று அதில் எழுதியிருந்தால் அது தான் அவளுக்குப் பெரிய ஆயுதம்.

அப்படி ஒரு குச்சியை நீங்களே செய்யலாம். துளை இரண்டு மட்டும் உள்ள, மாயசக்தி ஏதும் இல்லாத 'ஸ்டாஃப்' ஒன்றை எடுங்கள். அதில் முதலில் 'டிர்' என்ற ரூன், பிறகு 'ரால்' என்ற ரூன் பதியுங்கள். 'லீஃப்' என்ற பெயர் வரும். 19-வது லெவலில் பயன்படுத்தலாம். வரிசை மாறினால் போச்சு. ரால், டிர் என்று பதித்தால் இரண்டு ரூன்களின் சில்லறைப் பலன் மட்டுமே கிடைக்கும். பெயரின் எழுத்தைச் சரியாக டைப் செய்தால் தானே பாஸ்வேர்டு திறக்கும்? அது மாதிரி.

வாள் பிடிக்கும் 'பார்பேரியன்' விஷயத்தில் எண் முக்கியம். ஆனால் அதிலும் ஒரு கண்ணி உண்டு. 100 பிசிக்கல், 20 ஃபயர் உள்ள ஆயுதம் என்று வைத்துக் கொள்ளுங்கள். 200 சதவீதம் டேமேஜ் கூடினால் பிசிக்கல் 300 ஆகும். ஃபயர் அதே 20 தான். உடல் வலிமைக்குப் போடும் பாயிண்டும் பிசிக்கலை மட்டுமே உயர்த்தும். ஆரம்பத்தில் கத்தி 2 முதல் 7 வரை தான் அடிக்கும். அப்போது உடைந்த மாணிக்கம் ஒன்று சேர்க்கும் 3, 4 ஃபயர் கூடப் பெரிய லாபம். பின்னால் பிசிக்கல் நூற்றுக்கணக்கில் போகும்போது அதே கல் கண்ணுக்கே தெரியாது.

110 பாயிண்ட், 600 இடம்

ஒவ்வொரு பாத்திரத்துக்கும் 30 ஸ்கில்கள். ஒவ்வொன்றிலும் 20 பாயிண்ட் வரை போடலாம். ஆக 600 இடம். உங்களுக்குக் கிடைப்பதோ 99-வது லெவல் வரை ஏறினாலும் 98. மூன்று கட்டங்களிலும் சில வேலைகளை முடித்தால் இன்னும் 12. மொத்தம் 110. எல்லாவற்றிலும் கொஞ்சம் கொஞ்சம் போட்டால் எதுவும் உருப்படாது.

2003-ல் வந்த 1.10 பேட்ச் இதை இன்னும் கடுமையாக்கியது. ஒரு ஸ்கில்லில் போட்ட பாயிண்ட் இன்னொன்றுக்குப் பலம் தரும். இதற்கு 'சினர்ஜி' என்று பெயர். உதாரணமாக 'ஃபயர் போல்ட்'டில் போடும் ஒவ்வொரு பாயிண்டும் 'ஃபயர் பால்' அடியை 14 சதவீதம் கூட்டும். 'மீட்டியோர்' ஸ்கில்லும் அப்படியே. இரண்டிலும் 20 வீதம் போட்டால் 560 சதவீதம் கூடுதல், அதாவது 6.6 மடங்கு. குழந்தை ஸ்கில் போல் தெரியும் ஃபயர் போல்ட்டில் பெரியவர்கள் ஏன் 20 போடுகிறார்கள் என்பது இப்போது புரியும்.

அப்படியானால் நெருப்பு ஒன்றிலேயே எல்லாவற்றையும் கொட்டி விடலாமா? நார்மல், நைட்மேர் கட்டங்களில் கொட்டலாம். மூன்றாவது கட்டம் 'ஹெல்'. அங்கே பல அரக்கர்களின் பெயருக்குக் கீழே 'இம்யூன் டு ஃபயர்' என்று இருக்கும். ரெசிஸ்டன்ஸ் 50 என்றால் உங்கள் 100 அடி 50 ஆகும். 100-ஐத் தொட்டு விட்டால் பூஜ்யம். என்ன கத்தினாலும் பூஜ்யம் தான்.

அதனால் ஒரு வகையை முதன்மையாக வளர்த்து, இன்னொரு வகையைத் துணைக்கு வைத்துக் கொள்ளுங்கள். அண்ணன் நெருப்புடன் ஃப்ரோசன் ஆர்ப் சேர்க்க நினைத்தது இதற்குத் தான். ஃப்ரோசன் ஆர்புக்கு சினர்ஜி மிகக் குறைவாகவே தேவை. அதனால் துணைக்குப் பொருத்தமானது. மிச்சத்தைக் கூலிக்கு அமர்த்தும் வீரன் பார்த்துக் கொள்வான். அவன் அடி பிசிக்கல். ரிசரக்டட்டில் 2022-ல் வந்த 2.5 பேட்ச், இம்யூனை உடைக்கும் 'சண்டர் சார்ம்' என்ற பொருட்களைச் சேர்த்தது. அவை உங்கள் சொந்த ரெசிஸ்டன்ஸையும் குறைத்து விடும். அது தனிக் கதை.

அடி வாங்குவது நீங்களும் தான். நைட்மேரில் உங்கள் ரெசிஸ்டன்ஸில் 40, ஹெல்லில் 100 கழிந்து விடும். நார்மலில் 30 வைத்திருந்தவர் ஹெல்லில் கழித்தல் 70-ல் நிற்பார். 100 அடி அவர் மேல் 170 ஆக விழும். உச்ச அளவான 75 வைத்திருந்தால் அதே அடி 25. முன்னே சொன்ன கேடயக் கற்கள் உதவுவது இங்கே.

தப்பாகப் போட்டு விட்டால்?

2010-ல் வந்த 1.13 பேட்ச் புண்ணியம் கட்டிக் கொண்டது. முதல் ஊரில் இருக்கும் அகாரா கொடுக்கும் 'டென் ஆஃப் ஈவில்' வேலையை முடியுங்கள். அவரிடம் பேசினால் எல்லாப் பாயிண்டுகளையும் திருப்பித் தருவார். கட்டத்துக்கு ஒரு முறை, ஆக மூன்று முறை. உடனே பயன்படுத்தாமல் மிச்சம் வைத்துக் கொள்ளலாம். எங்களுக்கு அது ஒரு வருடம் தாமதம். 2009-ல் அண்ணன் 30-வது லெவலுக்கு ஏறி, ஒரே ஒரு பாயிண்டுடன் ஃப்ரோசன் ஆர்ப் வீசினார். பனிப்பந்து புஸ்ஸென்று போனது. ஜூனில் நான் ஊர் திரும்பி விட்டேன்.

ரிசரக்டட் வாங்கிய பிறகு ஒரு பொங்கலுக்கு அண்ணன் எங்கள் வீட்டுக்கு வந்திருந்தார். லேப்டாப்பில் என் சார்சரஸை அகாராவிடம் நிறுத்தி, பாயிண்டுகளைத் திரும்ப வாங்கி, மவுஸை அவர் பக்கம் தள்ளினேன். 15 க்ளிக் ஃப்ரோசன் ஆர்பில். பிறகு மவுஸைத் தரவே இல்லை.

நீங்கள் அகாராவை மட்டும் நம்ப வேண்டாம். நெட் தொடர்பு இல்லாமல் 'ஆஃப்லைன்' பாத்திரமாக ஆடினால் உங்கள் சேவ் ஃபைல் உங்கள் கம்ப்யூட்டரிலேயே இருக்கும். ரிசரக்டட்டில், உங்கள் யூசர் ஃபோல்டருக்குள் 'சேவ்டு கேம்ஸ்', அதற்குள் 'டயாப்லோ 2 ரிசரக்டட்'. பழைய பதிப்பில் முன்பு கேம் இருக்கும் ஃபோல்டருக்குள் 'சேவ்' என்று இருந்தது. கேமை விட்டு வெளியே வந்த பின் அந்த ஃபோல்டரை முழுவதும் காப்பி செய்து, தேதியைப் பெயராக வைத்து வேறு டிரைவில் பேஸ்ட் செய்யுங்கள். வேலை கெட்டால் பழையதைத் திரும்ப அதே இடத்தில் போட்டால் போதும். ஆன்லைன் பாத்திரத்துக்கு இது ஆகாது. அது கம்பெனியின் சர்வரில் இருக்கிறது. வீட்டில் 12 வயதில் யாராவது இருந்தால் விண்டோஸுக்கு ஒரு பாஸ்வேர்டும் போட்டு வையுங்கள்.