கம்பி போகும் மலை – 7: குடியிருப்பவர் யார்?

நோர்ட்டன்பிரிஜ் பக்கம் மூடுபனி இறங்கிய நாளில் பெருங்கம்பிக்குக் கீழே நின்றால் ஓர் இரைச்சல் கேட்கும், எங்கோ அடுப்பில் எண்ணெய் பொரிகிற மாதிரி. ஈரக்காற்றில் மின்சாரம் கசிகிற ஓசை அது. 1950இல் லக்சபான நிலையம் ஓடத் தொடங்கி, கம்பி கொலன்னாவைக்குப் போனது. அது கடந்துபோன மலைகளின் தோட்டத் தொழிலாளர் லயங்களில் அதற்குப் பிறகும் பல பத்தாண்டுகள் குப்பி விளக்குதான் எரிந்தது.

ஒருவர் காணிக்கு மேலாகக் கம்பி இழுக்க யாரிடம் கேட்க வேண்டும்? 2009ஆம் ஆண்டின் 20ஆம் இலக்க மின்சாரச் சட்டம் முதலாம் அட்டவணையில் இதற்கு விடை சொன்னது: காணியின் உரிமையாளரிடம், அல்லது அதில் குடியிருப்பவரிடம். அந்தச் சட்டப்படி, அவர் மறுத்தால் விடயம் பிரதேச செயலாளரிடம் போகும். செயலாளர் விசாரிக்க வேண்டும், எதிர்ப்பவரின் பேச்சைக் கேட்க வேண்டும். கேளாமலே முடிவெடுத்தால், அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை மனு போடலாம். இப்போது 2024ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கச் சட்டம் வந்துவிட்டது. ஆனால் அண்மைக்காலப் பிணக்குகள் பலவும் பழைய சட்டத்தின் காலத்தில் எழுந்தவை.

காணி உறுதி கையிலிருப்பவருக்கு இந்த வழி எவ்வளவு வலுவானது என்பதற்கு நியூ பொல்பிட்டிய – ஹம்பாந்தோட்டை மின்பாதையே சாட்சி. 220 கிலோவோல்ட், சுமார் 150 கிலோமீற்றர். காணிக்காரர் சிலரின் எதிர்ப்பால் அது ஆண்டுக்கணக்கில் இழுபட்டது. 2023 வறட்சியில் உடவளவை வயல்கள் காய்ந்தபோது, சமனலவெவ நீர்த்தேக்கத்தைத் திறந்துவிட்டால் தெற்கில் மின்வெட்டு வரும் என்றார்கள். முடியாமல் கிடந்த இந்தப் பாதையும் அதற்கு ஒரு காரணம். அந்தக் காணிக்காரர்களை நான் குறை சொல்ல மாட்டேன். தம் மண்ணைப் பற்றிப் பேச அவர்களுக்கு உரிமை உண்டு.

தேயிலைத் தோட்டத்தில் அந்த உரிமை யாருடையது? 1972, 1975 காணிச் சீர்திருத்தங்களோடு தோட்டங்கள் அரசின் கைக்கு வந்தன. 1992இல் நிர்வாகம் பெருந்தோட்டக் கம்பனிகளுக்குப் போனது, பிறகு 53 ஆண்டுக் குத்தகை. ஆகவே உரிமையாளர் என்றால் அரசு, அனுபவிப்பவர் என்றால் கம்பனி. சம்மதம் கேட்கும் கடிதம் தோட்டக் கந்தோருக்குப் போய்ச் சேரும். நான்கைந்து தலைமுறையாக அந்த லயத்தில் பிறந்து செத்த குடும்பத்துக்கு, நில அளவைக்காரரின் முளைக்குச்சியைப் பார்த்த பிறகுதான் விஷயமே தெரியும்.

கம்பனிக்கு வழக்காட அவ்வளவு அவசியமும் இல்லை. தேயிலை இடுப்புயரச் செடி, கம்பிக்கு அது இடைஞ்சலில்லை. கோபுரம் நிற்கிற இடமும், வெட்டுப்படுகிற சவுக்கு மரங்களும்தான் அதற்கு இழப்பு. 220 கிலோவோல்ட் கம்பிக்குச் சுமார் 35 மீற்றர் அகலப் பட்டி வேண்டும், அதற்குள் வீடு எழும்பக் கூடாது. லயத்துக்குப் பின்னாலுள்ள மரக்கறித் தோட்டமும் மாட்டுப்பட்டியும் அந்தப் பட்டிக்குள் இருந்தால்? தனி வீடு கட்டக் காணி தேடும்போது அந்தச் சரிவே கைவிட்டுப் போனால்? இந்த இழப்பை மதிப்பிடும் நேரத்தில் பேச அங்கே ஆளே இல்லை.

என்னைக் கேட்டால், அந்த 2009 சட்டத்திலுள்ள ‘அல்லது’ என்ற சொல்தான் நமக்கான கதவு. குடியிருப்பவர் என்ற சொல்லுக்கு உறுதி தேவையில்லை, இருப்பே போதும் என்று துணிந்து வாதாட வேண்டும். நட்டஈட்டில் எல்லாக் காணிக்கும் ஒரே கணக்குப் போட முடியாது, கம்பி எங்கே எப்படிப் போகிறது, மிஞ்சும் நிலம் எதற்குப் பயன்படும் என்று பார்க்க வேண்டும் என 2007இல் கேரள மின்வாரிய வழக்கொன்றில் இந்திய உச்ச நீதிமன்றம் சொன்னது. அது நம்மைக் கட்டுப்படுத்தாது. ஆனாலும் விசாரணையில் எடுத்துக்காட்ட உதவும்.

லயத்துக்கு மீற்றர் எடுக்கவும் தோட்டத்தின் கடிதம் கேட்டார்கள். லயத்துக்கு மேலே கம்பி போகவும் தோட்டத்தின் கடிதமே போதுமாக இருந்தது.

விசாரணைக்குப் போவதும் லேசான காரியமில்லை. மஸ்கெலியாப் பக்கமும் அம்பகமுவ பிரிவில் இருந்த காலத்தில் பிரதேச செயலகத்துக்குக் கினிகத்தேனைவரை போக வேண்டியிருந்தது. மஸ்கெலியாவுக்கும் மேலேயுள்ள தோட்டத்திலிருந்து பஸ் பிடித்துப் போய், கோப்புக்காகக் காத்திருந்து திரும்பினால் அன்றைய பேர், அதாவது நாட்கூலி, போய்விடும். இரண்டாம் தவணை போட்டால் இன்னொரு பேர்.

(தொடரும்)