மூணாறு: வெள்ளம் கொண்டுபோன ரயில் நிலையம்

புது தில்லி: சுற்றுலாப் பயணிகள் குவியும் கேரளத்தின் மூணாறுக்கு ரயிலில் செல்ல முடியாது. அந்த ஊர் அமைந்துள்ள இடுக்கி மாவட்டத்தில் ரயில் பாதையே இல்லை. ஆனால், நூறு ஆண்டுகளுக்கு முன்பு மூணாறில் ஒரு ரயில் நிலையம் இருந்தது.

தேயிலையை மலையிலிருந்து இறக்குவதற்காக 1902-ல் தோட்ட நிறுவனத்தினர் மூணாறிலிருந்து டாப் ஸ்டேஷன் வரை ஒற்றைத் தண்டவாளப் பாதை அமைத்தனர். அதில் வண்டிகளை மாடுகள் இழுத்தன. 1908-ல் அது இரண்டு அடி அகலமுள்ள குறுகிய ரயில் பாதையாக மாற்றப்பட்டு, நீராவி என்ஜின்கள் ஓடத் தொடங்கின. இதுவே குண்டளைப் பள்ளத்தாக்கு ரயில்வே.

டாப் ஸ்டேஷனில் இறங்கிய தேயிலைப் பெட்டிகள் கம்பிவட ஊர்தி மூலம் மலையடிவாரத்தில் உள்ள கொட்டகுடிக்கும், அங்கிருந்து வண்டிகளில் போடிநாயக்கனூருக்கும் சென்றன. பின்னர் அவை கப்பலேறி இங்கிலாந்தை அடைந்தன. அன்றைய மூணாறின் வணிக வாசல் தமிழகத்தின் பக்கமே திறந்திருந்தது.

1924 ஜூலையில் எல்லாம் முடிந்தது. மலையாள ஆண்டு 1099-ல் நிகழ்ந்ததால் "தொண்ணூற்றொன்பதின் வெள்ளம்" என்று கேரளத்தில் இன்றும் பேசப்படும் பெருவெள்ளமும் நிலச்சரிவுகளும் தண்டவாளங்களையும் பாலங்களையும் அடித்துச் சென்றன. மூணாறையும் ஆலுவாவையும் இணைத்த பழைய சாலையும் அழிந்தது. நேரியமங்கலம் வழியாகப் புதிய சாலை அமைக்கப்பட்டது. ரயில் பாதை மட்டும் மீண்டும் போடப்படவில்லை. மூணாறு நிலையக் கட்டடம் தேயிலை நிறுவனத்தின் அலுவலகமாயிற்று. டாப் ஸ்டேஷன் என்ற பெயர் மட்டும் எஞ்சியது.

டார்ஜீலிங் (1999), நீலகிரி (2005), கால்கா-சிம்லா (2008) மலை ரயில்களை யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னமாக ஏற்றது. 16 ஆண்டுகளே ஓடிய மூணாறு ரயிலுக்கு அந்த வாய்ப்பே கிட்டவில்லை.

சுற்றுலாவுக்காக இந்த ரயிலை மீண்டும் இயக்க வேண்டும் என்ற பேச்சு அவ்வப்போது எழுகிறது. அகலப் பாதைப் பணிக்காக 2010 இறுதியில் நிறுத்தப்பட்ட போடிநாயக்கனூர் ரயில் சேவை 2023 ஜூனில் மீண்டும் தொடங்கியது. ஆனால் மலைமேல் நிலைமை வேறு. 2018-ல் மூணாறு மறுபடியும் வெள்ளத்தில் சிக்கியது. 2020 ஆகஸ்ட் 6-ம் தேதி இரவு அருகிலுள்ள பெட்டிமுடியில் தொழிலாளர் குடியிருப்புகள் மண்ணில் புதைந்து 70 பேர் பலியாயினர். அவர்களில் பெரும்பாலோர் தமிழகத்தைப் பூர்வீகமாகக் கொண்ட தேயிலைத் தோட்டத் தொழிலாளர் குடும்பத்தினர்.

இந்த மலைகளில் எதை, எங்கே கட்டலாம் என்ற கேள்வி தில்லிக்குப் புதிதல்ல. மேற்குத் தொடர்ச்சி மலை குறித்து மாதவ் காட்கில் குழு 2011-லும் கஸ்தூரிரங்கன் குழு 2013-லும் அறிக்கை அளித்தன. அதன்பின் 2014 முதல் மத்திய அரசு வெளியிட்டவை வரைவு அறிவிக்கைகள் மட்டுமே. அவற்றுள் ஆறாவது, 2024 ஜூலை 31-ம் தேதி, வயநாடு நிலச்சரிவுக்கு மறுநாள் வெளியானது. ஆறு மாநிலங்களில் சுமார் 56,800 சதுர கி.மீ. பரப்பைச் சூழலியல் கூருணர்வுப் பகுதியாக அறிவிக்க அது முன்மொழிந்தது. மாநிலங்களின் ஆட்சேபமே ஒவ்வொரு முறையும் முட்டுக்கட்டையானது.

மூணாறில் தண்டவாளம் போடுவதற்குப் பணம் தேடுவது கடினமல்ல. 1924-ல் அந்தத் தண்டவாளம் ஏன் அடித்துச் செல்லப்பட்டது என்பதைத் திட்டமிடுவோர் முதலில் நினைவில் கொள்ள வேண்டும்.