ஒரு கையொப்பத்தின் கதை

நடுவுநிலைமைக்கு உவமை தேடிய வள்ளுவர் துலாக்கோலையே எடுத்துக்கொண்டார். கோல் நேராக நிற்கலாம். ஆனால் அதனைப் பிடித்திருக்கும் கையைச் சுற்றி ஆயுதந்தாங்கியோர் நின்றால் என்னாகும்? இவ்வினாவை எழுப்பும் வாழ்வொன்று அமெரிக்க வரலாற்றில் உண்டு. அந்நாட்டில் ஒரு மாநிலத்தின் அதியுயர் நீதிமன்றத்தில் அமர்ந்த முதலாவது கறுப்பினத்தவரான ஜொனதன் ஜாஸ்பர் றைற் அவர்களின் வாழ்வே அது.

றைற் 1840ஆம் ஆண்டு பென்சில்வேனியா மாநிலத்தில் பிறந்தார். அங்கே அடிமைமுறை மறைந்துகொண்டிருந்த காலம் அது. ஆயினும் 1838ஆம் ஆண்டின் யாப்பு கறுப்பின மக்களுக்கு வாக்குரிமையை மறுத்திருந்தது. நியூயோர்க் மாநிலத்து இதாக்கா நகரில் கல்வி கற்ற அவர், ஆசிரியராய்ப் பணிபுரிந்ததோடு, மொன்றோஸ் என்னும் ஊரில் சட்டமும் பயின்றார். தேர்வாளரோ அவரை ஏற்க மறுத்தனர்.

1865இல் உள்நாட்டுப் போர் முடிவுற்றது. அவ்வாண்டிலேயே அமெரிக்க மிஷனரிச் சங்கம் அவரைத் தென் கரோலினாவிலுள்ள பியூபோட் நகருக்கு அனுப்பியது. விடுதலைபெற்ற மக்களுக்கும் கறுப்பினப் படைவீரருக்கும் எழுத்தறிவிப்பது அவர் பணி. அடிமைகளுக்கு எழுத்தறிவிப்பதை 1834ஆம் ஆண்டுச் சட்டத்தினாற் குற்றமாக்கிய மாநிலம் அது என்பதை இங்கு நினைவிற் கொள்ளல் வேண்டும். மறு ஆண்டு குடியியல் உரிமைச் சட்டம் நிறைவேறியதும், றைற் தாயகம் திரும்பித் தமக்குரிய அனுமதியைக் கேட்டுப் பெற்றார். பென்சில்வேனியாவின் முதலாவது கறுப்பினச் சட்டத்தரணி என்ற பெருமை அவருக்குரியதாயிற்று. பின்னர் மீண்டும் பியூபோட் சென்று, விடுதலைபெற்றோர் நலப் பணியகத்தின் சட்ட ஆலோசகராய் அமர்ந்தார்.

1868இல் சாள்ஸ்ரன் நகரில் புதிய யாப்பினை வகுக்கக் கூடிய பேரவையில் பெரும்பான்மையினர் கறுப்பினத்தவர். உபதலைவர்களுள் ஒருவராக றைற் விளங்கினார். நிறவேறுபாடின்றி எல்லாச் சிறுவர்க்கும் பொதுக்கல்வி என்பதை அந்த யாப்பு விதித்தது. எழுத்துக்குத் தண்டனை விதித்த நாட்டில், எழுத்தே உரிமையாயிற்று! அவ்வாண்டே மாநிலச் செனற் சபைக்குத் தெரிவான அவரை, 1870 பெப்ரவரியில் சட்டமன்றம் உயர் நீதிமன்றத்துக்குத் தெரிவு செய்தது. அப்பொழுது அவருக்கு வயது ஏறக்குறைய முப்பது.

அந்நீதிமன்றத்தில் நீதியரசர் மூவரே. றைற் அங்கிருந்த ஏழாண்டுகளில் எண்பதுக்கும் மேற்பட்ட தீர்ப்புகளை எழுதினார். அதன்பின் வந்தது சோதனை.

1876ஆம் ஆண்டுத் தேர்தலில் குடியரசுக் கட்சியின் சேம்பர்லேனும் ஜனநாயகக் கட்சியின் ஹம்ரனும் தாமே ஆளுநர் என்றனர். ஒரு மாநிலத்துக்கு இரு ஆளுநர்! துப்பாக்கிக் கழகங்கள் என்ற பெயரில் ஹம்ரனை ஆதரித்த வெள்ளையர் ஆயுதந்தாங்கித் திரண்டிருந்தனர். ஹம்ரன் ஒரு கைதிக்குப் பொதுமன்னிப்பு வழங்கினார். சிறை அதிகாரி அதனை ஏற்கவில்லை. விடுதலை கோரி மனு வந்தது. கைதியின் பெயரால் வந்த மனுவாயினும், உண்மையில் யார் ஆளுநர் என்பதே வழக்கு.

பிரதம நீதியரசர் மோசஸ் மரணப்படுக்கையிற் கிடந்தார். எஞ்சியோர் வில்லாட், றைற் இருவரே. 1877 பெப்ரவரி 27ஆம் நாள், கைதியை விடுவிக்கும் கட்டளையில் இருவரும் ஒப்பமிட்டனர். ஆனால் மார்ச் முதலாம் நாள் றைற் தம் கையொப்பத்தை மீட்டுக்கொண்டார். கட்டளையோ நிறைவேற்றப்பட்டது. முதல் ஒப்பம் அச்சத்தால் வந்ததென ஒரு சாராரும், மீட்டது அச்சத்தால் வந்ததென மறு சாராரும் கூறினர். இரண்டில் எது மெய்யாயினும், அச்சம் நீதிமன்றத்தினுள் நுழைந்துவிட்டது என்பதை இரு சாராரும் ஒப்புக்கொண்டனர் அன்றோ?

ஏப்ரல் 10ஆம் நாள் மத்திய அரசின் படை மாநில அரசமனையைவிட்டு விலகியது, சேம்பர்லேன் பதவியிழந்தார். மதுப்பழக்கம் முதலிய குற்றச்சாட்டுகளைக் கூறி றைற் மீது சட்டமன்றம் நடவடிக்கை தொடங்கியது. எதிர்த்து நிற்க எண்ணிய அவர், ஓகஸ்ட் மாதத்தில் விலகற் கடிதம் கொடுத்தார். பின்னர் சாள்ஸ்ரனில் வழக்குகளை நடத்தியும், கிளாஃபிளின் கல்லூரி சார்பில் இளைஞர்க்குச் சட்டம் கற்பித்தும் வாழ்ந்து, 1885இல் காசநோயால் மறைந்தார்.

மாறிய கையொப்பத்தை நாம் மறைக்க வேண்டியதில்லை. இரண்டு நாளிற் சட்டம் மாறிவிடவில்லை, மனிதரே மாறினார். ஆயினும் அந்தப் பலவீனத்தை ஒருவர் தலைமீது மட்டும் சுமத்துதல் நடுவுநிலைமையாகாது. நீதியரசரை நாற்காலியில் அமர்த்திவிட்டு, அவரைக் காக்கும் கடமையைக் கைவிட்ட அரசுக்கும் அதிற் பங்குண்டு.

தென் கரோலினாவின் அந்நீதிமன்றத்துக்கு மற்றொரு கறுப்பினத்தவர், ஏர்னஸ்ற் பின்னி என்பார், 1985இலேயே தெரிவானார். றைற் எழுந்து சென்ற நாற்காலிக்கும் அதற்கும் இடையே 108 ஆண்டுகள். அத்தனை காலம் அங்கே குறைவாயிருந்தது தகுதியா, மனமா என்பதை மாணவர்கள் சிந்திப்பார்களாக.