பக்கத்தில் நின்ற கலைஞர்

பாட்டுக் கச்சேரிக்குச் செல்லும் நாம் பாடகரின் பெயரை விசாரித்தே செல்கிறோம். மிருதங்கம் வாசிப்பவர் யாரெனக் கேட்பவர் நம்மிற் சிலரே. திரைப்படத்தில் துணை நடிகரின் நிலையும் இதுவேயாகும். கதாநாயகனின் பெயரை நம் வீட்டுச் சிறுவரும் அறிவர். அவனுக்குத் தந்தையாகவும் மாமனாகவும் வந்தவரையோ, "அந்தப் படத்தில் வந்த ஐயர்" என்று சுட்டுவதோடு அமைந்துவிடுகிறோம்.

அவ்வாறு சுட்டப்பட்டவர்களுள் ஒருவர் டெல்லி கணேஷ். 1944 இல் தமிழகத்தின் வல்லநாட்டிற் பிறந்த இவர், இந்திய விமானப் படையிற் பத்தாண்டுகள் பணிபுரிந்தார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபையின் மேடைகளில் நடித்துத் தேர்ந்தார். 1977 இல் வெளிவந்த 'பட்டினப்பிரவேசம்' மூலம் இவரைத் திரைக்குக் கொணர்ந்து, அப்பெயரையும் சூட்டியவர் இயக்குநர் கே. பாலசந்தர்.

1979 இல் வெளிவந்த 'பசி'யில் மகளாக நடித்த ஷோபா இந்தியாவின் சிறந்த நடிகைக்கான தேசிய விருதைப் பெற்றார். ரிக்‌ஷாக்காரத் தந்தையாக நடித்த கணேஷுக்குத் தமிழக அரசின் சிறப்புப் பரிசு கிட்டியது. அம்மகளின் துயரம் நம் நெஞ்சைத் தொட்டதற்கு, அத்தந்தை உண்மைத் தந்தையாகவே தோன்றியமையும் காரணமன்றோ?

1985 இல் வெளிவந்த 'சிந்து பைரவி'யில் இவர் மெய்யாகவே பக்கவாத்தியக்காரர். குடித்துவிட்டு வந்த குற்றத்துக்காகப் பெரும் பாடகரால் மேடையினின்றும் விலக்கப்படும் மிருதங்க வித்துவான் குருமூர்த்தி அவரே. பின்னர் அப்பாடகரே மதுவுக்கு அடிமையாகும்போது, முன்னைய காட்சி நம் நினைவில் வந்து உறுத்துகிறது. தலைமைப் பாத்திரத்தின் வீழ்ச்சியை அளந்து காட்டும் கோலாகத் துணைப் பாத்திரம் அமைவது இங்ஙனமே.

1989 இல் 'அபூர்வ சகோதரர்க'ளில் நம் வெறுப்புக்குரிய கொடியவருள் ஒருவராய் வந்தவர், மறு ஆண்டே 'மைக்கேல் மதன காமராஜ'னிற் பாலக்காட்டுத் தமிழ் பேசும் வெள்ளையுள்ளச் சமையற்காரராய் வந்து நம்மைச் சிரிக்கவைத்தார். தொலைக்காட்சித் தொடர்களிலும் குடும்பத்துப் பெரியவராய் நம் வீட்டுக் கூடத்துக்கே வந்து சேர்ந்தார். நானூறுக்கு மேற்பட்ட படங்களில் நடித்த அவர் 2024 நவம்பரில், எண்பதாம் வயதிற் காலமானார்.

கல்லூரி நாடகத்துக்குப் பாத்திரம் பகிரும்போதெல்லாம் நாம் காண்பது ஒன்றுண்டு. அரசன் வேடத்துக்குப் பத்து மாணவர் முன்வருவர். அமைச்சன் வேடத்தை ஏற்பவன் முகஞ்சுளித்தே ஏற்பான். அரசனை அரசனாக்குவது எதிரில் நிற்பவனின் பணிவே என்பதை அவனுக்கு உணர்த்துவது எளிதன்று. வீட்டிலும் அலுவலகத்திலும் நம்மிற் பெரும்பாலோர்க்குக் கிடைப்பது அமைச்சன் வேடமே. அதனைக் குறைவென எண்ணாது நிறைவுறச் செய்தால் என்ன பெருமை உண்டாகும் என்பதற்குக் கணேஷின் வாழ்வு சான்று.

அடுத்தமுறை படம் பார்க்கையில், கதாநாயகனின் பெயருக்குப் பின் வரும் பெயர்களையும் சற்றே பொறுமையுடன் வாசிப்போமாக.